ஓய்வூதியம் உரிமைதான், வில்லங்கம் தேதியில்

ஒரே அலுவலகம், ஒரே பதவி, ஒரே சம்பளம். 2016 ஜூன் 30 அன்று ஒன்றாக மாலை வாங்கிக்கொண்டு வெளியே வந்த இரண்டு மத்திய அரசு ஊழியர்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒருவருக்கு ஓய்வு பெற்ற மறுநாளிலிருந்தே கணக்கிட்டுக் கூடுதல் ஓய்வூதியமும் நிலுவையும் கிடைக்கின்றன. மற்றவருக்கு அதே கூடுதல் தொகை 2023 மே மாதத்திலிருந்துதான். முன்னவர் வழக்குப் போட்டு, வென்று, அந்தத் தீர்ப்பு இறுதியாகிவிட்டவர். பின்னவர் ‘எல்லாருக்கும் வரும்போது நமக்கும் வரும்’ என்று இருந்தவர். ஆட்கள் கற்பனை என்றாலும் கணக்கு கற்பனையல்ல. 2025 பிப்ரவரி 20 அன்று உச்ச நீதிமன்றம் வகுத்துக்கொடுத்தது அது.

இதன் தொடக்கம் சென்னையில். ஆறாவது ஊதியக் குழுவுக்குப் பிறகு மத்திய அரசு ஊழியர்கள் அனைவருக்கும் ஆண்டு ஊதிய உயர்வுக்கு ஜூலை 1 என்று ஒரே தேதி வைத்தார்கள். ஜூன் 30-ல் ஓய்வு பெறுகிறவர் அந்த உயர்வுக்குரிய ஓராண்டை முழுதாக உழைத்து முடித்திருப்பார். ஆனால் உயர்வு விழும் காலையில் அவர் பணியில் இல்லை. ஒரு ராத்திரியில் ஓர் இன்கிரிமென்ட் போய்விடும். சுங்கம், கலால் துறையின் உயர் பதவியிலிருந்து 2013 ஜூன் 30-ல் ஓய்வு பெற்ற ஐயம்பெருமாள் இதை எதிர்த்து மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனார்; தள்ளுபடி. உயர் நீதிமன்றம் போனார். தமிழ்நாடு அரசு ஊழியர் ஒருவர் விஷயத்தில் 2012-லேயே இதே கேள்விக்குச் சாதகமான பதில் சொல்லியிருந்த சென்னை உயர் நீதிமன்றம், 2017 செப்டம்பர் 15 அன்று இவருக்கும் அதையே சொன்னது. உழைத்த ஆண்டுக்கான உயர்வைக் கணக்குக்கு மட்டும், அலுவலக வழக்கில் சொன்னால் ‘நோஷனலாக’, சேர்த்து ஓய்வூதியத்தைக் கணக்கிட வேண்டும் என்பது தீர்ப்பு. மத்திய அரசின் மேல்முறையீட்டு மனு 2018-ல் உச்ச நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. சீராய்வு மனுவும் 2019-ல் தள்ளுபடி.

அத்தோடு முடிந்திருக்க வேண்டும். ஆனால் தீர்ப்பு அந்த ஒரு மனுதாரருக்கு மட்டும்தான் என்று அரசு நின்றது. நாடு முழுக்க ஜூன் 30 காரர்களும், ஜனவரி 1 உயர்வை அதேபோல ஒரு நாளில் தவறவிட்ட டிசம்பர் 31 காரர்களும் ஆளுக்கொரு மனுவாகத் தீர்ப்பாயங்களின் வாசலில் நின்றார்கள். உயர் நீதிமன்றங்கள் சில இப்படியும் சில அப்படியும் தீர்ப்பளித்தன. 2023 ஏப்ரல் 11 அன்று, கர்நாடக மின் பரிமாற்ற நிறுவன ஊழியர் ஒருவர் சம்பந்தப்பட்ட வழக்கில் சென்னையின் பார்வைதான் சரி என்று உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது. பிறகு நிலுவை எதுவரை என்ற கேள்வி. அதற்குத்தான் 2025-ன் விளக்கம். ஏற்கெனவே வென்று தீர்ப்பு இறுதியானவர்களுக்கு அந்தத் தீர்ப்பில் கண்டபடி. 2023 தீர்ப்புக்கு முன் மனுப் போட்டுக் காத்திருந்தவர்களுக்கு, மனுப் போட்ட மாதத்துக்கு முந்தைய மூன்று ஆண்டுகள். மற்ற எல்லாருக்கும் 2023 மே 1 முதல்.

அடிப்படை ஊதியம் ₹60,000 என்றால் 3 சதவீத உயர்வு ₹1,800. ஓய்வூதியத்தில் அதில் பாதி, மாதம் ₹900. சிறு தொகைதான். ஆனால் 2016 ஜூலை முதல் 2023 ஏப்ரல் வரை அகவிலைப்படி சேர்க்காமலே ₹73,800 ஆகிறது. சும்மா இருந்ததற்கு இந்த விலை. கொடுக்க வேண்டியது என்று தெரிந்த பிறகும் ஒவ்வொரு கிழவரையும் தனித்தனியே வழக்காட வைத்த அரசைப் பற்றி எனக்கு நல்ல வார்த்தை எதுவும் இல்லை. அது வேறு விஷயம். ஓய்வு பெற்றவர்கள் கவனிக்க வேண்டியது, உரிமை ஒன்றாக இருந்தும் தேதி மூன்றாகப் பிரிந்ததைத்தான்.

உரிமை பற்றிப் பெரிய சண்டை இனி இல்லை. ஓய்வூதியம் அரசின் கருணைத் தொகை அல்ல, உழைப்புக்கு ஈடான உரிமை என்று நகாரா வழக்கில் ஐந்து நீதிபதிகள் 1982 டிசம்பர் 17-ல் சொன்னார்கள். அந்த நாளைத்தான் ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுகிறோம். அதற்கு முன்பே, 1971-ல், தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் ஓய்வூதியம் ஒருவரின் சொத்து என்று சொல்லியாயிற்று. 2013-ல் ஜார்க்கண்ட் அரசின் வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இன்னும் தெளிவாக்கியது: அரசியலமைப்பின் 300-ஏ பிரிவின்படி சட்டத்தின் துணையில்லாமல் யார் சொத்தையும் பறிக்க முடியாது, ஓய்வூதியத்திலோ பணிக்கொடையிலோ ஒரு பகுதியை நிறுத்திவைக்க வேண்டுமானாலும் அதற்கு விதி இருக்க வேண்டும், வெறும் நிர்வாகச் சுற்றறிக்கை போதாது. ஆகவே ‘மேலிடத்து உத்தரவு, நிறுத்தி வைத்திருக்கிறோம்’ என்று அலுவலகத்தில் சொன்னால் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: எந்த விதியின் கீழ்? அதை எழுத்தில் கேளுங்கள், பதிலையும் எழுத்தில் வாங்குங்கள்.

அதற்காக நீதிமன்றம் எல்லாக் கதவையும் திறந்துவிடும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். தமிழ்நாட்டில் 2003 ஏப்ரல் 1 என்பது ஒரு மதில். அன்று முதல் பணியில் சேர்ந்தவர்களுக்குப் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம் வந்தது. தினக்கூலியாகவும் தொகுப்பூதியத்திலும் பல்லாண்டு உழைத்து, பிறகு நிரந்தரமானவர்கள் அந்தப் பழைய பணிக்காலத்தில் பாதியை ஓய்வூதியத்துக்குச் சேர்க்கக் கேட்ட வழக்குகள் ஆயிரக்கணக்கில் குவிந்தன. தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978-ன் 11-ஆவது விதிதான் அவற்றின் அடிப்படை. 2019-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, கலியமூர்த்தி வழக்கில், 2003 ஏப்ரல் 1-க்கு முன் நிரந்தரமான தினக்கூலி, தொகுப்பூதியப் பணியாளர்களுக்குப் பாதிக்காலம் சேரும், அதற்குப் பின் நிரந்தரமானவர்களுக்குச் சேராது என்று கோடு போட்டது. இருபது வருஷம் தண்ணீர்த் தொட்டி மோட்டாரைப் போட்டு அணைத்தவர் 2006-ல் நிரந்தரமானார் என்றால், அவர் பக்கம் எவ்வளவு நியாயம் இருந்தாலும் இன்றைய நிலையில் வழக்கு எடுபடுவது கடினம். இதை முதல் சந்திப்பிலேயே சொல்கிற வழக்கறிஞரை நம்பலாம். ‘பார்த்துக்கலாம் சார், முதல்ல ஃபைல் பண்ணிடுவோம்’ என்பவரிடம் சற்று யோசிக்க வேண்டும்.

வென்ற உரிமையைச் சட்டம் இயற்றியும் சுருக்கலாம். மத்திய ஓய்வூதியர்களை ஓய்வு பெற்ற தேதியை வைத்துப் பிரித்துப் பார்க்கும் அதிகாரம் அரசுக்கு உண்டு என்று 2025-ஆம் ஆண்டின் நிதிச் சட்டம், 1972-லிருந்தே செல்லுபடியாகும்படி எழுதிக்கொண்டது. இருக்கிற கொள்கையை உறுதி செய்தோம், அவ்வளவுதான் என்கிறது அரசு. நகாரா தீர்ப்பின் வேரையே தொடுகிறது என்கின்றன ஓய்வூதியர் சங்கங்கள்.

மனு மேல் மனு

ஓய்வு பெற்றவர்கள் செய்கிற முதல் காரியம் மனுக் கொடுப்பது. பிறகு நினைவூட்டல். பிறகு மறு நினைவூட்டல். முதலமைச்சரின் தனிப்பிரிவு. மறுபடியும் துறைத் தலைவர். இப்படி ஆறேழு வருஷம் ஓடிய பின் நீதிமன்றத்துக்கு வருகிறார்கள், ‘நான் சும்மா இல்லை, இத்தனை மனுக் கொடுத்திருக்கிறேன்’ என்ற கட்டோடு. மனுக் கொடுத்துக்கொண்டே இருப்பதால் காலக்கெடு நீளாது. 2008-ல் சி. ஜேக்கப் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைக் கறாராகச் சொன்னது. பணியை இழந்து சுமார் 18 ஆண்டுகள் கழித்து ஒருவர் மனுக் கொடுத்தார். பரிசீலிக்கும்படி உத்தரவு வாங்கினார். துறை மறுத்துப் பதில் போட்டதும் அந்தப் பதிலையே புதிய வழக்குக் காரணமாக்கினார். செத்துப்போன கோரிக்கைக்கு ஒரு பதில் கடிதம் உயிர் கொடுக்காது என்றது நீதிமன்றம்.

ஆனால் இதில் ஒரு பிரிவினை உண்டு. மாதந்தோறும் குறைவாக வருகிற ஊதியமோ ஓய்வூதியமோ தொடர்ந்து நடக்கும் தவறு. ஒவ்வொரு மாதமும் புதிதாக வழக்குக் காரணம் பிறக்கிறது. 1995-ன் எம்.ஆர். குப்தா வழக்கு ஊதிய நிர்ணயத்தில் இதை ஏற்றுக்கொண்டது. எனவே தேர்வுநிலை, சிறப்புநிலை ஊதியத்தைத் தப்பாக நிர்ணயித்ததால் ஓய்வூதியம் குறைந்தது என்றால், பத்து வருஷம் கழித்தும் கேட்கலாம். நிலுவைதான் அடிபடும். 2008-ல் தர்சேம் சிங் வழக்கில், 1983-ல் ராணுவத்திலிருந்து உடல் தகுதியின்மையால் விடுவிக்கப்பட்டு 1999-ல் ஊனமுற்றோர் ஓய்வூதியம் கேட்டு வந்தவருக்கு ஓய்வூதியம் உண்டு, ஆனால் நிலுவை மனுவுக்கு முந்தைய மூன்று ஆண்டுக்கு மட்டும் என்று உச்ச நீதிமன்றம் முடித்தது. ஒவ்வொரு மாதம் தள்ளிப்போடும்போதும் பழைய நிலுவையில் ஒரு மாதம் கீழே உதிர்கிறது.

பதவி உயர்வும் பணிமூப்பும் இப்படியல்ல. 2009-ல் உங்களைத் தாண்டி இளையவருக்குப் பதவி உயர்வு போனது என்று 2024-ல் கேட்டால், நடுவில் எத்தனையோ பேரின் இடம் கலையும். நீதிமன்றம் கை வைக்காது. பதவி உயர்வுப் பட்டியலில் பெயர் விடுபட்டால் அந்த வருஷமே கேட்டுவிட வேண்டும். பணியில் இருக்கும்போது மேலதிகாரியைப் பகைத்துக்கொள்ள யார் துணிவார்கள் என்று கேட்கலாம். கேள்வி நியாயம்தான். சட்டம் அதைக் கணக்கில் எடுப்பதில்லை என்பதும் உண்மை.

ஒரே நிலையில் இருப்பவர்களில் ஒருவருக்குத் தீர்ப்பு வந்தால் மற்றவர்களுக்கும் அரசே கொடுக்க வேண்டும், கொடுக்காமல் விடுவது பாகுபாடு என்று 2014-ல் அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. கூடவே, வேலியில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்துவிட்டு அடுத்தவர் வென்ற பின் குதிப்பவருக்கு இது பொருந்தாது என்று ஒரு விலக்கும் வைத்தது. அரசு வழக்கறிஞர்கள் முதல் பாதியை மறந்துவிட்டு இரண்டாம் பாதியை மட்டும் படிப்பார்கள்.

‘பரிசீலிக்க’ என்ற உத்தரவு

‘மனுதாரரின் மனுவைத் தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து, 12 வாரங்களுக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்.’ பணித்துறை வழக்குகளில் அதிகம் வருகிற உத்தரவு இந்த மாதிரிதான். முதல் நாள் விசாரணையிலேயே கிடைத்துவிடும். சங்க வாட்ஸ்அப் குழுவில் ‘வெற்றி’ என்று பட்டாசுப் படம் போடுவார்கள். இந்த உத்தரவு உங்களுக்கு எதையும் கொடுக்கவில்லை. பரிசீலித்து ‘விதிகளில் இடமில்லை’ என்று ஒரு வரி எழுதினால் துறை நீதிமன்றத்துக்குக் கீழ்ப்படிந்ததாகிவிடும். அவமதிப்பு வழக்கும் நிற்காது. மறுப்பாணையை எதிர்த்து மறுபடி முதலிலிருந்து வர வேண்டும்.

துறை எந்தப் பதிலும் தராமல் கல்லாக இருக்கிறது, சட்ட நிலைமையும் தெளிவு என்றால் இந்த உத்தரவு பயன்படும், செலவும் குறைவு. ஆனால் துறை ஏற்கெனவே மறுத்து எழுதியிருந்தால் அந்த மறுப்பாணையை ரத்து செய்யவும், இன்ன விதிப்படி இன்ன தேதியிலிருந்து இன்ன பலனை வட்டியோடு வழங்கவும் கேட்டே மனு எழுத வேண்டும். வழக்கறிஞர் தயாரித்த மனுவில் கடைசிப் பத்தியை, அதாவது கோரிக்கையை, கையெழுத்துப் போடுமுன் ஒரு முறை நீங்களே படியுங்கள். வட்டி கேட்க விட்டுப்போகும் மனுக்கள் ஏராளம்.

வட்டி கேட்பது பேராசை அல்ல. ஓய்வுக்காலப் பலன்களைத் தாமதிப்பது குற்றமான அலட்சியமாக இருந்தால் சந்தை வீத வட்டியோடு தர வேண்டும் என்று 1984-ல் பத்மநாபன் நாயர் வழக்கிலேயே வந்துவிட்டது. விதியில் வட்டி பற்றி ஒன்றுமே இல்லாவிட்டாலும் அரசியலமைப்பின் 14, 19, 21 பிரிவுகளைக் கொண்டே கேட்கலாம் என்றது 2008-ன் எஸ்.கே. துவா வழக்கு. வீதம் நீதிபதிக்கு நீதிபதி மாறும். கொரோனாக் காலத்தில் ஆந்திர அரசு தள்ளிவைத்த சம்பளத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் உயர் நீதிமன்றம் 12 சதவீதம் கொடுத்தது. 2021-ல் உச்ச நீதிமன்றம் அதை 6 சதவீதமாக்கியது.

கடைசி மாதத்தில் வரும் ஆடிட்

ஓய்வூதியக் கருத்துரு தயாராகி, பணிப்பதிவேடு சென்னை தேனாம்பேட்டையில் இருக்கும் மாநிலக் கணக்காயர் அலுவலகம் போய்த் திரும்பும்போதோ, உள்ளூர்த் தணிக்கையிலோ ஒரு குறிப்பு முளைக்கும்: 1998-ல் தேர்வுநிலை ஊதியம் தப்பாக நிர்ணயிக்கப்பட்டுள்ளது, அன்று முதல் அதிகமாகக் கொடுத்த தொகையைப் பணிக்கொடையிலிருந்து பிடிக்கவும். சில லட்சங்கள் போகும். நிர்ணயம் செய்தது அலுவலகம், சரிபார்த்தது அலுவலகம், கையெழுத்திட்ட அதிகாரி எப்போதோ ஓய்வு பெற்றுப் போயிருப்பார். பிடிபடுவது மட்டும் இவர்.

இங்கே சட்டம் ஓய்வு பெற்றவரின் பக்கம் வலுவாகவே நிற்கிறது. 2014 டிசம்பர் 18 அன்று ரஃபீக் மசி வழக்கில் உச்ச நீதிமன்றம், எந்தச் சூழலில் பிடித்தம் கூடாது என்று வகைப்படுத்திக் கொடுத்தது. பழைய கணக்கில் மூன்றாம், நான்காம் பிரிவு, அதாவது சி, டி பிரிவு ஊழியர்களிடம் கூடாது. ஓய்வு பெற்றவரிடமும், ஓராண்டுக்குள் ஓய்வு பெறப் போகிறவரிடமும் கூடாது. ஐந்தாண்டுக்கு மேல் கொடுத்துவந்த தொகையைத் திரும்பக் கேட்கக் கூடாது. ஊழியர் பொய்த் தகவல் தந்தோ ஏமாற்றியோ பெற்றிருந்தால் இந்தப் பாதுகாப்பு இல்லை. 2022-ல் கேரள ஆசிரியர் ஒருவரிடம், ஓய்வு பெற்றுப் பத்தாண்டுக்குப் பின் பிடிக்க முயன்றதையும் உச்ச நீதிமன்றம் தவறு என்றது.

இரண்டு இடங்களில் கால் இடறும். ஒவ்வொரு ஊதியக் குழுவின்போதும் விருப்பப் படிவத்தோடு ‘அதிகமாகப் பெற்றிருந்தால் திருப்பிச் செலுத்துவேன்’ என்று ஓர் உறுதிமொழியில் கையெழுத்து வாங்கியிருப்பார்கள். அப்படிக் கொடுத்தவர் அதற்குக் கட்டுப்பட்டவர் என்று 2016-ன் ஜக்தேவ் சிங் தீர்ப்பு சொல்கிறது. துறைகள் இப்போது இதைத்தான் முதலில் நீட்டுகின்றன. அந்த வழக்கின் மனுதாரர் நீதித்துறை அலுவலர், கீழ்நிலை ஊழியர் அல்ல என்பதை உங்கள் வழக்கறிஞர் எடுத்துச் சொல்ல வேண்டும். இரண்டாவது, பிடித்தம் கூடாது என்பதற்காகத் தப்பான ஊதியம் தொடர வேண்டும் என்றில்லை. உரிய அறிவிப்புக் கொடுத்து, பதில் கேட்டு, இனிமேல் வரும் ஓய்வூதியத்தைச் சரியாகத் திருத்தி நிர்ணயிக்க அரசுக்கு உரிமை உண்டு. பிடித்தத்தில் வென்றவர் அடுத்த மாதம் ஓய்வூதியம் குறைந்ததைப் பார்த்துத் திகைப்பது இதனால்தான். அறிவிப்பே தராமல் குறைத்திருந்தால் அதை எதிர்க்க முடியும்.

இந்தச் சிக்கலுக்கு வழக்கை விட மலிவான மருந்து, ஓய்வு பெற இரண்டு மூன்று வருஷம் இருக்கும்போதே எஸ்.ஆர். புத்தகத்தை, அதாவது பணிப்பதிவேட்டை, ஒரு முறை பக்கம் பக்கமாகப் பார்த்து நகல் வாங்கிவிடுவது. தர மறுத்தால் ₹10 கட்டணத்தில் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி கேட்கலாம்; பொதுவாக 30 நாளில் பதில் வர வேண்டும். தணிக்கைக் குறிப்பின் நகலையும் அப்படியே கேளுங்கள். விடுபட்ட பணிச் சரிபார்ப்பு, கையெழுத்தில்லாத பதிவு, விடுப்புக் கணக்கில் இடைவெளி என எல்லாவற்றையும் பணியில் இருக்கும்போது ஒரு கடிதத்தில் சரிசெய்துவிடலாம்.

17(பி)

தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் இந்த எண்ணை விளக்க வேண்டியதில்லை. இந்த ஒழுங்கு நடவடிக்கை விதியில் தரும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை நிலுவையில் இருந்தால் தற்காலிக ஓய்வூதியம் மட்டும் வரும், பணிக்கொடை நிற்கும். கடைசி நாள் மாலையில் தற்காலிகப் பணிநீக்க உத்தரவைக் கையில் கொடுத்து, ஓய்வு பெற அனுமதிக்காமல் நிறுத்திவைக்கும் வழக்கம் நெடுங்காலம் இருந்தது. அதைக் கைவிடுவதாக 2021 செப்டம்பரில் முதலமைச்சர் சட்டப்பேரவையில் அறிவித்தார்.

ஓய்வுக்கு முன் தொடங்கிய விசாரணை ஓய்வுக்குப் பின்னும் தொடரலாம். ஓய்வுக்குப் பின் புதிதாகத் தொடங்க வேண்டுமானால், ஓய்வூதிய விதிகளின் 9-ஆவது விதிப்படி அரசின் ஒப்புதல் வேண்டும். நான்கு ஆண்டுக்கு முந்தைய சம்பவத்துக்காகத் தொடங்க முடியாது. குறிப்பாணை வந்ததும் முதலில் பார்க்க வேண்டியது இந்தத் தேதிகளைத்தான். சம்பவம் நடந்து பல்லாண்டு கழித்துச் சாவகாசமாகக் கொடுத்த குறிப்பாணையையும் எதிர்க்கலாம். தமிழ்நாடு வீட்டுவசதி வாரியப் பொறியாளர் ஒருவரின் வழக்கில், பத்தாண்டுத் தாமதத்துக்கு விளக்கமே இல்லை என்பதற்காக உச்ச நீதிமன்றம் 2005-ல் குறிப்பாணையையே ரத்து செய்தது. விசாரணை இழுத்துக்கொண்டே போனால் காலக்கெடு கேட்டு மனுப் போடலாம். துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள், தவிர்க்க முடியாவிட்டால் ஓராண்டுக்குள் முடிக்க முயல வேண்டும் என்பது 2015-ல் பிரேம்நாத் பாலி வழக்கில் சொன்னது. விசாரணைக்கு நீங்களே வாய்தா வாங்கியிருந்தால் இந்த வாதம் எடுபடாது.

எந்த வாசல்?

மாநில அரசு ஊழியர்களுக்கு முன்பு தனித் தீர்ப்பாயம் இருந்தது. அதைக் கலைத்த பிறகு நேராக உயர் நீதிமன்றம்தான். சென்னை, தென் மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை. மத்திய அரசு ஊழியர்கள் நேராக உயர் நீதிமன்றம் போக முடியாது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் போக வேண்டும். அங்கே காலக்கெடு கறாரானது. இறுதி ஆணை வந்த ஓராண்டுக்குள். மனுவுக்குப் பதிலே இல்லை என்றால் ஆறு மாதம் பார்த்துவிட்டு அதிலிருந்து ஓராண்டுக்குள். முன்னாள் படைவீரர்களுக்கு ஆயுதப்படைத் தீர்ப்பாயம், அதற்கும் சென்னையில் கிளை உண்டு.

வழி தவறுபவர்கள் பெரும்பாலும் இந்த மூன்றிலும் அடங்காதவர்கள். கூட்டுறவுச் சங்கச் செயலாளர் ரிட் மனுப் போட்டால், சங்கம் ‘அரசு’ ஆகாது என்று 2006-ல் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் மாரப்பன் வழக்கில் சொன்னது குறுக்கே வரும். ஆனால் பணிக்கொடைக்கு அவர் நீதிமன்றமே போக வேண்டியதில்லை. 1972-ஆம் ஆண்டின் பணிக்கொடைச் சட்டம் தொழிலாளர் துறையின் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் போக வழி வைத்திருந்தது. இப்போது, 2025 நவம்பர் 21 முதல், சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டம் அதன் இடத்தில் இருக்கிறது. பணிக்கொடை 30 நாளில் தர வேண்டியது, தாமதித்தால் வட்டியோடு. போக்குவரத்துக் கழகத்தாருக்கும் இந்த வழி உண்டு. உள்ளாட்சி ஊழியர்களுக்கும் பணிக்கொடைச் சட்டம் பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. அங்கன்வாடிப் பணியாளர்களுக்கும் அந்தச் சட்டம் பொருந்தும் என்று 2022 ஏப்ரலில் குஜராத் வழக்கு ஒன்றில் சொன்னது. அவர்கள் பெறுவது ‘மதிப்பூதியம்’, சம்பளம் அல்ல என்ற வாதத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை.

செலவு பற்றி. இலவசச் சட்ட உதவி வருமானம் குறைந்தவர்களுக்கு மட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு வருமான வரம்பே இல்லை. ஓய்வு பெற்ற ஆசிரியையும் செவிலியரும் கேட்கலாம். சென்னையிலும் மதுரையிலும் உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழு இருக்கிறது; தொலைபேசி உதவி எண் 15100. சங்கம் மூலம் கூட்டாக வழக்குப் போட்டால் பணம் கட்டிய ரசீதோடு நின்றுவிடாதீர்கள். மனுதாரர் பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா, வக்காலத்தில் உங்கள் கையெழுத்து இருக்கிறதா என்று பாருங்கள். வழக்கு எண்ணை வாங்கி, இ-கோர்ட்ஸ் செயலியில் நீங்களே வாய்தாத் தேதி பார்க்கலாம், கட்டணமில்லை. தொகையைக் கேட்டு ‘செக்‌ஷன்ல சொல்லி முடிச்சுத் தரேன்’ என்று வருகிற இடைத்தரகரிடம் கொடுக்கும் பணத்துக்கு எந்த நீதிமன்றத்திலும் பரிகாரம் இல்லை. நிலுவை வரவாகப் போகிறது, ஓடிபி சொல்லுங்கள் என்று கருவூலத்தின் பெயரில் பேசுகிற தொலைபேசிக் குரலும் அதே ரகம்.

தீர்ப்பு வந்த பின்

தீர்ப்பின் நகலைத் துறைத் தலைவருக்கும், பணம் வழங்கும் அலுவலருக்கும் ஒரு முன்கடிதத்தோடு, ஒப்புகை கிடைக்கும்படி விரைவுத் தபாலில் அனுப்புங்கள். நீதிமன்றம் கொடுத்த வாரக் கணக்கு பெரும்பாலும் நகல் கிடைத்த நாளிலிருந்துதான் ஓடும். ஒப்புகை இல்லாவிட்டால் நகல் வரவே இல்லை என்பார்கள். காலக்கெடு தாண்டியதும் அரசு மேல்முறையீட்டு மனுவைத் தாமதத்தை மன்னிக்கும் மனுவோடு சேர்த்துப் போடும். மேல்முறையீடு போட்டதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. தடையாணை இருந்தால்தான் நிற்கும். தடை இல்லாமல் இழுத்தடித்தால் அவமதிப்பு மனுப் போடலாம், ஆனால் கீழ்ப்படியாமை நேர்ந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள். ‘ஃபைல் நகர்ந்துகொண்டிருக்கிறது’ என்று அலுவலகம் நயமாகப் பேசிப் பேசியே இந்த ஓராண்டைக் கடத்திவிடும். செயலாளரை உடனே கூண்டில் நிறுத்துவார்கள் என்றும் எதிர்பார்க்க வேண்டாம். அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் அழைக்கக் கூடாது, காணொலியே முதல் வழி என்று 2024 ஜனவரி 3-ல் உச்ச நீதிமன்றம் நடைமுறை வகுத்திருக்கிறது.

வந்த பணத்துக்கு ஒரு பாதுகாப்பும் உண்டு. 1871-ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டப்படியும் உரிமையியல் நடைமுறைச் சட்டப்படியும் அரசு ஓய்வூதியத்தையோ பணிக்கொடையையோ கடன்காரர் ஜப்தி செய்ய முடியாது. அந்தப் பணத்தை வைப்புநிதியில் போட்ட பிறகும் இந்தக் காப்பு தொடரும் என்று ராதே ஷ்யாம் குப்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. மகன் வாங்கிய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்ட அப்பாக்கள் இதைத் தெரிந்துவைத்துக்கொள்ளலாம். கையெழுத்துப் போடாமலிருப்பது இன்னும் நல்லது.

வழக்கு நடக்கும்போதே மனுதாரர் இறந்துபோவது அபூர்வமல்ல. நிலுவை அவரோடு போய்விடாது. வாரிசுச் சான்று வாங்கி மனைவியோ பிள்ளைகளோ மனுதாரராகச் சேர்ந்து நடத்தலாம். இறப்பைத் தெரிந்தவுடன் வழக்கறிஞரிடம் சொல்லிவிட வேண்டும். குடும்ப ஓய்வூதியம் வேறு கணக்கு. அது விதிகள் யாருக்குக் கொடுக்கின்றனவோ அவருக்கு உரியது, இறந்தவரின் சொத்தில் சேராது, உயில் எழுதி வேறொருவருக்கு மாற்றவும் முடியாது என்று 1991-ல் வயலட் ஐசக் வழக்கில் முடிவானது. அதனால் வழக்குக் கட்டைத் தேடும் நாளிலேயே ஓய்வூதியக் கொடுப்பாணையையும் எடுத்து, மனைவியின் பெயரும் பிறந்த தேதியும் ஆதாரில் இருப்பதுபோலவே இருக்கின்றனவா என்று பார்த்து, எழுத்துப் பிழை இருந்தால் கணவர் இருக்கும்போதே திருத்திவிட வேண்டும். பின்னால் அந்த ஓர் எழுத்துக்காகவும் ரிட் மனுப் போட வேண்டியிருக்கும்.